ஷாம்பு லைன் ஹெல்பரை ஆபரேட்டர் ஆக்குவது எப்படி? காஸ்மெட்டிக்ஸ் ஆலைகளுக்கான முழுமையான பயிற்சி வழிகாட்டி

ஷாம்பு, கிரீம், ஹேர் ஆயில், ஃபேஸ்வாஷ் தயாரிக்கும் சிறிய, நடுத்தர ஆலைகளுக்காக இதை எழுதுகிறேன். சொந்த பிராண்டாக இருக்கலாம், பிறர் பிராண்டுக்குச் செய்து கொடுப்பதாகவும் இருக்கலாம். ஐம்பதிலிருந்து இருநூறு பேர் வேலை பார்க்கும் இடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். லேபில் இரண்டு மூன்று கெமிஸ்ட், மிக்ஸிங்கில் நாலைந்து பேர், மீதிப் பேர் ஃபில்லிங்கிலும் பேக்கிங்கிலும். அதில் பாதிக்கு மேல் பெண்கள்.

இப்படிப்பட்ட ஆலைகளில் பயிற்சி என்றால் பெரும்பாலும் ஆடிட்டுக்கு முந்தைய வாரம் நடக்கும் சடங்கு. கேன்டீனில் எல்லோரையும் உட்கார வைத்து பிபிடி போடுவார்கள், வருகைத் தாளில் கையெழுத்து வாங்குவார்கள், டீ கொடுத்து அனுப்புவார்கள். ஃபைல் கனக்கும், பேட்ச் பழையபடியேதான் வரும். நான் சொல்லவரும் முறை இதற்கு நேர் எதிர்: கெட்டுப்போன பேட்சில் பாடத்தைத் தொடங்குங்கள், கையால் செய்து காட்டியவருக்கு மட்டும் தேர்ச்சி கொடுங்கள், தேர்ச்சி பெற்றவரின் சம்பளத்தை ஏற்றுங்கள். மூன்றில் ஒன்று விட்டுப்போனாலும் மற்ற இரண்டும் நிற்காது.

படி 1: கோளாறுகளை மேசையில் கொட்டுங்கள்

முதலில் கடந்த ஆறு மாதக் கணக்கை எடுங்கள். ரீவொர்க் ஆன பேட்ச், ரிஜெக்ட் ஆன பேட்ச், டீலர் திருப்பி அனுப்பிய பெட்டிகள், எடை குறைந்த சாஷே, லேபிள் மாறிய பாட்டில், வாடிக்கையாளர் புகார். ஒவ்வொன்றுக்கும் எதிரே மூன்று கேள்விகளை எழுதுங்கள். வேலையைச் செய்தவருக்குச் சரியான முறை தெரியுமா? தெரியும் என்றால், அன்றைக்கு அப்படிச் செய்ய மெஷினும் பொருளும் இடம் கொடுத்தனவா? கொடுத்தன என்றால், அப்படிச் செய்ய அவரை விட்டார்களா?

முதல் கேள்விக்குத் 'தெரியாது' என்று பதில் வந்தால்தான் அது அவருக்கான பயிற்சி விஷயம். இதைப் பிரிக்காமல் எல்லாக் கோளாறுக்கும் 'ட்ரெய்னிங் கொடுக்கப்பட்டது' என்று எழுதி மூடுவது நம் ஊர் ஆலைகளின் பெரிய நோய்.

ஓர் உதாரணம். இரவு ஷிஃப்டில் ஓடும் ஷாம்பு சாஷே மட்டும் கசிகிறது. இரவு ஆபரேட்டரைப் பயிற்சிக்கு அனுப்பு என்பார்கள். மெஷினுக்குப் பக்கத்தில் நின்று பார்த்தால் கதை வேறாக இருக்கும். சாஷேயைச் சூட்டில் ஒட்டும் சீலிங் ஜாவின் தெர்மோகப்பிள் (சூட்டை அளக்கும் சென்சார்) தளர்ந்து ஹீட்டர் பக்கம் நகர்ந்திருக்கிறது. டிஸ்ப்ளே காட்டும் சூடு ஜாவில் இல்லை. பகல் ஷிஃப்டின் பழைய ஆபரேட்டருக்கு அது தெரியும். பத்து டிகிரி கூட்டி வைத்து ஓட்டுவார், யாரிடமும் சொல்ல மாட்டார். இரவு ஆள் புதியவர், எஸ்ஓபியில் (எழுதிவைத்த வேலைமுறையில்) உள்ளபடியே வைக்கிறார். எழுதிய முறைப்படி நடந்தவருக்குத்தான் மெமோ! இங்கே தேவை ஒரு ஸ்பேனரும் காலிப்ரேஷனும். பயிற்சி யாருக்காவது வேண்டுமென்றால் பகல் ஆபரேட்டருக்கு, அதுவும் மெஷின் ஓட்ட அல்ல. கண்டுபிடித்ததை லாக் புக்கில் எழுத.

மூன்றாவது கேள்வி இன்னும் சங்கடமானது. டேங்க் கழுவ ஒரு மணி நேரம் என்று எழுதிவிட்டு, லாரி நிற்கிறது என்று இருபது நிமிடத்தில் முடிக்கச் சொன்னது யார்? சூப்பர்வைசர் என்றால் அவருக்குப் பாடம் எடுங்கள். சில ஆலைகளில் முதலாளிக்கே எடுக்க வேண்டியிருக்கும்.

படி 2: யாருக்கு என்ன தெரியும் என்று சுவரில் எழுதுங்கள்

ஒரு பெரிய சார்ட். இடப்பக்கம் பெயர்கள், மேலே வேலைகள். கட்டத்துக்குள் 0 முதல் 4 வரை ஒரு எண். 0 என்றால் தெரியாது, 1 என்றால் பார்த்திருக்கிறார், 2 என்றால் பக்கத்தில் ஒருவர் இருந்தால் செய்வார், 3 என்றால் தனியாகச் செய்வார், 4 என்றால் பிறருக்குச் சொல்லித் தருவார்.

வேலைகளைப் பொடியாகப் பிரிக்க வேண்டும். 'ஃபில்லிங் மெஷின்' என்று ஒரே கட்டம் போட்டால் எல்லோருக்கும் 3 விழும். நாஸில் மாற்றுவது, அளவு செட் செய்வது, ஒரு வாசனையிலிருந்து இன்னொன்றுக்கு மாறும்போது லைன் கிளியரன்ஸ் எடுப்பது (பழைய பொருளும் லேபிளும் லைனில் மிச்சமில்லை என்று உறுதி செய்வது), எடை சோதித்துப் பதிவது என்று பிரித்தால்தான் நிஜம் தெரியும். சூப்பர்வைசர் ஒருமுறை எண் போடட்டும், அந்த ஊழியரே ஒருமுறை போடட்டும். இரண்டும் ஒத்துப்போகாத கட்டங்களை வைத்து உட்கார்ந்து பேசுங்கள்.

முடிந்ததும் மேலிருந்து கீழாகப் படியுங்கள். ஒரே ஒரு 3 மட்டும் இருக்கும் வேலைகளைச் சிவப்பில் வட்டமிடுங்கள். 'கோபால் அண்ணன் லீவு போட்டால் கண்டிஷனர் ஓடாது' என்று ஆலையில் பேச்சாகச் சொல்வதெல்லாம் அந்த வட்டங்கள்தான். பயிற்சிக்கான முதல் பணமும் நேரமும் அங்கேதான் போக வேண்டும்.

படி 3: சட்டம் கேட்பதைத் தனியாக எடுத்து வையுங்கள்

இந்தியாவில் மருந்துகள் மற்றும் அழகுசாதனப் பொருட்கள் சட்டம் 1940-ஐச் சேர்ந்தது. அழகுசாதனத்துக்கென்று தனி விதிகள் 2020 டிசம்பரில்தான் வந்தன. அவற்றின் ஏழாவது அட்டவணைதான் கட்டடம், கருவிகள், சுத்தம் பற்றிய ஜிஎம்பி, அதாவது நல்ல உற்பத்தி நடைமுறை. தகுதியுள்ள முழுநேரத் தொழில்நுட்ப ஊழியரின் நேரடி மேற்பார்வையில் தயாரிப்பு நடக்க வேண்டும் என்பதும் லைசென்ஸ் நிபந்தனை. அந்த ஒரு ஆளைக் காட்டி லைசென்ஸ் வாங்கிவிடலாம். ஆனால் அவர் மூன்று ஷிஃப்டிலும் நிற்க முடியாது.

எந்த நிறம் சேர்க்கலாம், எந்தப் பொருள் கூடாது என்பதற்கு ஐஎஸ் 4707 என்ற இந்தியத் தரத்தின் இரண்டு பாகங்கள் உண்டு. ஸ்டோர்ஸில் இருப்பவருக்கும் அது இருப்பதாவது தெரிந்திருக்க வேண்டும். ஐஎஸ்ஓ 22716 என்ற சர்வதேச ஜிஎம்பி தரத்தில், கட்டடத்துக்கும் மெஷினுக்கும் முன்னால் வருவது பணியாளர் அத்தியாயம். அதில் பயிற்சிக்குத் தனி உட்பிரிவே இருக்கிறது. பயிற்சி பெறாத ஆளோ விருந்தினரோ உற்பத்திப் பகுதிக்குள் வந்தால் என்ன செய்வது என்பதும் அங்கேயே இருக்கிறது.

ஏற்றுமதி இருந்தால் பட்டியல் நீளும். அமெரிக்காவில் 2022 டிசம்பரில் கையெழுத்தான மோக்ரா சட்டத்தின்படி, கடுமையான பக்கவிளைவு புகார் வந்தால் 15 வேலை நாட்களுக்குள் அந்நாட்டு மருந்து, உணவுக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ-வுக்கு அறிவிக்க வேண்டும். அப்படியானால் கஸ்டமர் கேரில் போன் எடுக்கும் பெண்ணுக்கு, 'கண் எரியுது' என்பதற்கும் 'முகம் வீங்கி ஆஸ்பத்திரியில சேர்த்திருக்கோம்' என்பதற்கும் உள்ள வித்தியாசம் தெரிய வேண்டும். இரண்டாவதை அன்றைக்கே யாரிடம் சொல்வது என்றும் தெரிய வேண்டும். ஐரோப்பாவில் லேபிளில் பெயர் சொல்ல வேண்டிய வாசனை அலர்ஜிப் பொருட்கள் 26-லிருந்து எண்பதுக்கு மேல் போய்விட்டன. புதிய பொருட்களுக்கு 2026 ஜூலை 31 கெடு, ஏற்கெனவே சந்தையில் இருப்பவற்றுக்கு 2028 ஜூலை 31. ஆர்ட்வொர்க் பார்ப்பவருக்கு இது புதிய வேலை. கத்துக்குட்டியாக இருந்தால் ஒரு கன்டெய்னர் திரும்பி வரும்.

படி 4: பாடத்தை மெஷினுக்குப் பக்கத்தில் நடத்துங்கள்

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அமெரிக்கத் தொழிற்சாலைகளுக்குத் தொழில் தெரியாத ஆட்கள் கூட்டமாக வந்தபோது, டிடபிள்யூஐ (ட்ரெய்னிங் விதின் இண்டஸ்ட்ரி) என்ற பயிற்சித் திட்டத்தை அந்நாட்டு அரசு உருவாக்கியது. பின்னால் ஜப்பான் அதைப் பிடித்துக்கொண்டது. அதன் சாரம் எளிது. எந்த வேலையையும் மூன்று பத்திகளாக எழுது: செய்ய வேண்டிய படி, அதில் கவனிக்க வேண்டிய நுணுக்கம், அந்த நுணுக்கத்துக்கான காரணம். நம் எஸ்ஓபிகளில் முதல் பத்தி மட்டும்தான் இருக்கும். மூன்றாவது இருக்கவே இருக்காது. காரணம் தெரியாமல் படியை மட்டும் மனப்பாடம் செய்தவர், சூழ்நிலை கொஞ்சம் மாறினால் தடுமாறுவார்.

காஸ்மெட்டிக்ஸில் இதற்கு உப்பைவிட நல்ல பாடம் இல்லை. எஸ்எல்இஎஸ் என்ற நுரைப்பொருளை அடிப்படையாகக் கொண்ட ஷாம்புவைக் கெட்டியாக்கச் சாதாரண உப்பைப் போடுகிறோம். மிக்ஸிங் ஹெல்பர் முதல் நாளே கற்றுக்கொள்வது இதைத்தான்: தண்ணியாக இருந்தால் உப்பு போடு. ஆனால் உப்புக்கு ஓர் உச்சி உண்டு. அதுவரை கெட்டியாகும், தாண்டினால் மறுபடி இளகும். உச்சியைத் தாண்டியது தெரியாத ஆபரேட்டர் 'இன்னும் தண்ணியாத்தான் இருக்கு' என்று மேலும் போடுவார், மேலும் இளகும். கடைசியில் மொத்த பேட்சும் தண்ணீராக நிற்கும். உப்பைத் திரும்ப எடுக்க முடியாது. உப்பில்லாத பேஸ் கலந்துதான் மீட்க வேண்டும். அப்படியே விட்டால் குளிர்காலத்தில் பாட்டில் கலங்கும்.

இதை வாயால் சொன்னால் ஏறாது. லேபில் ஏழு பீக்கர் எடுங்கள். ஒரே ஷாம்பு பேஸ். அரை சதவீதத்திலிருந்து நான்கு சதவீதம் வரை படிப்படியாக உப்பு போட்டு, மிக்ஸிங் ஆட்களையே கலக்கச் சொல்லுங்கள். 25 டிகிரிக்கு ஆறட்டும். பிறகு கெட்டித்தன்மையை அளக்கும் விஸ்கோமீட்டரில் வைத்து எண்ணை அவர்களே போர்டில் புள்ளியாகக் குறிக்கட்டும். கோடு மலைபோல் ஏறி இறங்குவதைப் பார்க்கும்போது, பத்து வருடம் உப்பு போட்ட அண்ணன்கூட 'ஓ, அதுவா அன்னைக்கு நடந்தது' என்பார். உச்சி எந்த இடத்தில் வரும் என்பது உங்கள் ஃபார்முலாவைப் பொறுத்தது. உங்கள் பேஸை வைத்துத்தான் செய்ய வேண்டும், இன்னொரு கம்பெனியின் சார்ட் உதவாது. சுடச்சுட ஒரு பீக்கரையும் அளக்கச் சொல்லுங்கள். சூடாக இருக்கும்போது எல்லாமே இளக்கமாகத்தான் தெரியும், அவசரப்பட்டு உப்பு போடக் கூடாது என்பதும் அப்போதே புரிந்துவிடும்.

அடுத்த நாள் அதே ஆட்களிடம் கார்போமர் என்ற பாலிமரால் கெட்டியாக்கிய ஜெல்லைக் கொடுத்து ஒரு சிட்டிகை உப்பு போடச் சொல்லுங்கள். கண்ணெதிரே ஜெல் உடைந்து ஒழுகும். ஒரு லைனிலிருந்து இன்னொரு லைனுக்கு ஆளை மாற்றும்போது நாம் மறப்பது இதைத்தான். ஷாம்புவில் அவரைக் காப்பாற்றிய அனுபவமே ஜெல்லில் பேட்சைக் கெடுக்கும். புதியவர் கேட்டுச் செய்வார், அனுபவஸ்தர் கேட்காமல் செய்வார். ஆகவே வேலை மாற்றத்துக்கான பாடத்தில் 'அங்கே சரி, இங்கே தப்பு' என்று ஒரு பக்கம் கட்டாயம் வேண்டும். கிரீம் லைனுக்கு வருபவருக்கும் அப்படித்தான். ஆயில் ஃபேஸ், வாட்டர் ஃபேஸ் இரண்டையும் 70-75 டிகிரிக்குக் கொண்டுவந்து சேர்ப்பது ஏன், பெர்ஃப்யூமை 45 டிகிரிக்குக் கீழே இறங்கும்வரை கையில் வைத்திருப்பது ஏன், இரண்டையும் நுண்ணியதாகக் கலக்கும் ஹோமோஜெனைசரை இஷ்டத்துக்கு நீட்டி ஓட்டக் கூடாதது ஏன் என்ற மூன்று 'ஏன்'களும் பிடிபட்டால் மற்றவை தானே வரும்.

சுத்தத்துக்கும் இப்படி ஒரு செய்முறை உண்டு. 'கை கழுவவும்' போர்டை யாரும் படிப்பதில்லை. லேபில் கிருமி வளர்க்கும் அகார் பிளேட்டை இரண்டாகக் கோடு போட்டுப் பிரித்து, ஒரு பாதியில் கழுவாத விரலையும் மறு பாதியில் முறையாகக் கழுவி சானிடைசர் போட்ட விரலையும் அழுத்தச் சொல்லுங்கள். இன்குபேட்டரில் 48 மணி நேரம் வைத்து மூடியைத் திறக்காமல் காட்டுங்கள். பிளேட்டில் பெயர் எழுதாதீர்கள், எண் மட்டும் போதும். ஒரு அக்காவின் கையைப் பத்து பேர் பார்த்துச் சிரித்தால் அடுத்த பாடத்துக்கு அவர் வாயே திறக்க மாட்டார். முடிந்ததும் பிளேட்டுகளை ஆட்டோகிளேவ் செய்து அப்புறப்படுத்துங்கள். கூடவே வரம்பைச் சொல்லுங்கள்: ஐஎஸ்ஓ 17516 என்ற தரத்தின்படி பொதுவான பொருளில் கிருமி எண்ணிக்கை ஒரு கிராமுக்கு 1000 வரை, கண் பகுதிக்கும் மூன்று வயதுக்குக் கீழுள்ள குழந்தைகளுக்கும் ஆனதில் 100 வரை. பிளேட்டில் வளர்ந்ததைப் பார்த்த பிறகு அந்த எண்களுக்கு உயிர் வந்துவிடும்.

மொழியைப் பற்றி ஒரு வார்த்தை. எஸ்ஓபி ஆங்கிலத்தில் இருப்பது ஆடிட்டருக்காக. மெஷினில் ஒட்டுவது தமிழில் இருக்கட்டும். இப்போது பல ஆலைகளில் ஒடிசா, பீகார், மேற்கு வங்கத் தொழிலாளர்கள் நிறையப் பேர். அவர்களுக்கு இந்தியிலோ ஒடியாவிலோ வங்காளத்திலோ வேண்டும். படம் நிறைய, எழுத்து குறைச்சல். போனில் எடுத்த இரண்டு நிமிட வீடியோ இருபது பக்க எஸ்ஓபியைவிட வேலை செய்யும். ஆனால் ஃபார்முலா வெளியே போகும் பயம் நியாயமானது என்பதால் ஆலைக்குச் சொந்தமான டேப்லெட்டில் எடுத்து அதிலேயே காட்டுங்கள்.

பாடம் இருபது நிமிடத்தைத் தாண்டக் கூடாது. லைன் மாற்றும் நேரம், கரண்ட் போன நேரம், ஷிஃப்ட் தொடக்கம் எல்லாமே வகுப்பு நேரம்தான். ஷிஃப்ட் முடிந்த பிறகு நிறுத்தி வைத்துப் பாடம் எடுக்காதீர்கள். பஸ்ஸைப் பார்த்துக்கொண்டிருப்பவர் காதில் எதுவும் ஏறாது. எடுத்தே ஆக வேண்டுமென்றால் ஓவர்டைம் கொடுங்கள்.

படி 5: தேர்ச்சியைச் சொல்லித்தந்தவர் கொடுக்கக் கூடாது

சொல்லித்தருபவர் ஒருவர், பரிசோதிப்பவர் இன்னொருவர். மெஷின் ஓடும்போதே பரிசோதனை. எழுத்துத் தேர்வு தேவையே இல்லை. "அக்கா, இந்த சாஷே எடை கம்மியா வந்தா முதல்ல என்ன பண்ணுவீங்க?" என்று கேளுங்கள். "சார்கிட்ட சொல்வேன்" என்றால் 2. "மெஷினை நிறுத்திட்டு, கடைசியா சரியா இருந்த செக் வரைக்கும் ஓடினதைத் தனியா ஒதுக்கி வைப்பேன், அப்புறம் சொல்வேன்" என்றால் 3. அந்த ஒதுக்கி வைப்பதுதான் ஆபரேட்டரையும் ஹெல்பரையும் பிரிக்கும் கோடு.

ஒரு மாதம் கழித்து, சொல்லாமல் கொள்ளாமல் மறுபடி பாருங்கள். பாதிப் பேர் பழைய வழிக்குப் போயிருப்பார்கள். இது இயல்பு, கோபப்பட ஒன்றுமில்லை. பழைய வழி ஏன் சுலபமாக இருக்கிறது என்று கேளுங்கள். பல சமயம் எஸ்ஓபியைத்தான் திருத்த வேண்டியிருக்கும்.

படி 6: வேலை மாற்றத்துக்கான பாதைகளை வரையுங்கள்

ஆட்டோ லேபிளரும் கார்ட்டனிங் மெஷினும் வந்ததும் முதலில் போவது கை பேக்கிங் பெண்களின் வேலை. அவர்களை நிறுத்திவிட்டு வெளியே புதிதாக க்யூசி (தரச் சோதனை) ஆட்களைத் தேடும் ஆலைகளைப் பார்க்கும்போது வயிறு எரிகிறது. ஐந்து வருடம் பாட்டிலைக் கையில் எடுத்துப் பார்த்த கண் அது. மூடி கோணல், ஷ்ரிங்க் சுருக்கம், பேட்ச் நம்பர் மங்கல் எல்லாம் நூறு பாட்டிலில் ஒன்றில் இருந்தாலும் கண்டுபிடிப்பார்கள். அவர்களுக்குக் குறைவது எழுத்து வேலை: எத்தனைக்கு எத்தனை எடுப்பது, எங்கே பதிவது, எப்போது லைனை நிறுத்துவது. லேபிளில் இருக்க வேண்டியவற்றை வரிசையாகச் சொல்லிக் கொடுங்கள். லைசென்ஸ் எண், பேட்ச் எண், தயாரித்த தேதி, காலாவதி, எம்ஆர்பி, நிகர அளவு, சைவ அசைவப் புள்ளி. 2025 செப்டம்பர் 22-இல் ஷாம்பு, ஹேர் ஆயில், பற்பசைக்கான ஜிஎஸ்டி 18-லிருந்து 5 சதவீதத்துக்கு இறங்கியபோது, பழைய எம்ஆர்பி போட்ட கையிருப்பைப் பிரித்துக் கையாளும் தலைவலி பேக்கிங் ஹாலில்தான் விழுந்தது. அந்த வாரம் லேபிள் படிக்கத் தெரிந்த பேக்கிங் ஆள் தங்கம்.

சாஷே மெஷின் ஓட்டுபவர்கள் இன்னொரு பாதை. ஷாம்புவை சாஷேயில் அடைத்து விற்கும் வழக்கம் கடலூர்ப் பக்கத்தில் வேரூன்றி வளர்ந்தது என்பதால், நம் ஊரில் சாஷேயை உருவாக்கி, நிரப்பி, ஒட்டும் ஃபார்ம்-ஃபில்-சீல் மெஷினைக் காதால் கேட்டே ஓட்டத் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். ட்யூப், பம்ப் பாட்டில் என்று பேக்கிங் மாறும்போது அவர்களை மெயின்டனன்ஸ் பக்கம் திருப்பலாம். செர்வோ மோட்டார், சென்சார், மெஷினை இயக்கும் எச்எம்ஐ திரை ஆகிய மூன்றும்தான் புதிது. மெக்கானிக்கல் கை ஏற்கெனவே இருக்கிறது.

ஸ்டோர்ஸ் ஹெல்பரை யாரும் பயிற்சிப் பட்டியலில் சேர்ப்பதில்லை. ஆனால் ஆபத்து உள்ளே வரும் வாசல் அதுதான். கிளிசரினிலும் புரோப்பிலீன் கிளைக்காலிலும் டைஎத்திலீன் கிளைக்கால் என்ற நஞ்சு கலந்து வந்த கதைகள் பல. 2007-இல் பனாமாவில் கடையில் பற்பசை வாங்கப்போன ஒருவர் லேபிளில் அந்தப் பெயரைப் படித்து அதிகாரிகளிடம் சொன்ன பிறகுதான் பல நாடுகளில் அந்தப் பற்பசைகள் திரும்பப் பெறப்பட்டன. 2025-இல் நம் காஞ்சிபுரம் மாவட்டத்தில் தயாரான இருமல் மருந்தில் இதே நஞ்சு இருந்து குழந்தைகள் இறந்ததை மறந்திருக்க மாட்டீர்கள். ஸ்டோர்ஸ் ஆளுக்கு வேதியியல் வேண்டாம். டிரம் சீல் உடைந்திருக்கிறதா, டிரம்மில் உள்ள லாட் எண்ணும் சப்ளையரின் சோதனைச் சான்றான சிஓஏ-வில் உள்ளதும் ஒன்றா, லேப் ரிலீஸ் ஸ்டிக்கர் ஒட்டாமல் எதையும் வெளியே எடுக்காமல் இருப்பது, இந்த மூன்றும் போதும். 'சப்ளையர் தெரிஞ்சவர்தான்' என்று முதலாளியே போன் போட்டுச் சொன்னாலும் ஸ்டிக்கர் இல்லாத டிரம்மைத் தர மறுக்கிற தைரியம் அவருக்கு வர வேண்டும். அதை நீங்கள்தான் கொடுக்க முடியும்.

கடைக் கவுண்ட்டரில் நிற்கும் பியூட்டி அட்வைசர்களையும் விடாதீர்கள். விற்பனை ஆன்லைனுக்குப் போகப்போக அவர்களை வீடியோ ஆலோசனைக்கும் சாட்டுக்கும் மாற்றும் கம்பெனிகள் உண்டு. கேமரா, லைட்டிங், டைப்பிங் எல்லாம் ஒரு வாரத்தில் வந்துவிடும். கஷ்டமானது வாயை அளந்து பேசுவது. அழகுசாதனம் நோயைக் குணமாக்கும் என்று சொல்ல சட்டத்தில் இடமில்லை. கவுண்ட்டரில் பேசியது காற்றோடு போகும். சாட்டில் எழுதியது ஸ்கிரீன்ஷாட்டாக நிற்கும். 'எக்சிமாவுக்கு இது போடலாமா' என்று கேட்டால் 'டாக்டரிடம் காட்டுங்கள்' என்று சொல்லிவிட்டு விற்பனையை இழக்கத் தெரிய வேண்டும். 2023-இல் கேரளத்தின் மலப்புறத்தில் பாதரசம் கலந்த சிவப்பழகு கிரீம் பூசியவர்களுக்குச் சிறுநீரகப் பாதிப்பு வந்து, மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை 'ஆபரேஷன் சௌந்தர்யா' என்று கடைகளைச் சோதித்தது. பாதரசம் நம் விதிகளில் எதற்காகத் தடுக்கப்பட்டிருக்கிறது என்று அட்வைசருக்குத் தெரிந்திருந்தால், 'ஏழு நாளில் வெள்ளை' கிரீமைக் காட்டி 'அதுமாதிரி உங்ககிட்ட இருக்கா' என்று கேட்கும் வாடிக்கையாளருக்குப் பதில் சொல்லத் திணற மாட்டார்.

படி 7: வெளி உதவியை அளவோடு வாங்குங்கள்

பயிற்சியாளர் சட்டம் 1961-இன்கீழ், 30 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் நிறுவனம் அப்ரன்டிஸ்களை எடுப்பது கட்டாயம். நாப்ஸ் என்ற தேசிய அப்ரன்டிஸ் ஊக்குவிப்புத் திட்டத்தில் உதவித்தொகையில் 25 சதவீதத்தை, மாதம் 1,500 ரூபாய் வரை, மத்திய அரசு ஏற்கிறது. ஐடிஐயில் ஆள் தேடும்போது ஒன்றைக் கவனியுங்கள். 'காஸ்மெட்டாலஜி' என்ற டிரேடு பார்லர் வேலைக்கானது. ஆலைக்கு உங்களுக்கு வேண்டியது 'அட்டெண்டன்ட் ஆபரேட்டர் - கெமிக்கல் பிளான்ட்', 'லேபரட்டரி அசிஸ்டென்ட் - கெமிக்கல் பிளான்ட்' போன்றவை. பெயரைப் பார்த்து ஏமாந்து, ஃபேஷியல் கற்ற பிள்ளைகளை ரியாக்டர் முன் நிறுத்திய ஆலைகள் உண்டு.

பேக்கிங் பொருட்களைப் பற்றி ஆழமாகத் தெரிய வேண்டியவரைச் சென்னையில் உள்ள இந்தியப் பேக்கேஜிங் நிறுவனத்தின் மையத்துக்கோ கிண்டியில் உள்ள பிளாஸ்டிக் தொழில்நுட்ப நிறுவனமான சிப்பெட்டுக்கோ அனுப்பலாம். வாசனைத் துறைக்கு உத்தரப் பிரதேசத்தின் கன்னோஜில் எஃப்எஃப்டிசி என்ற நறுமண, சுவைப்பொருள் மேம்பாட்டு மையம் இருக்கிறது, குறுகிய காலப் படிப்புகள் நடத்துகிறார்கள். ஆனால் ஒருவரை அனுப்பினால், திரும்பி வந்ததும் மற்றவர்களுக்கு ஒரு மணி நேரம் பாடம் எடுக்க வேண்டும் என்று முன்பே பேசிவிடுங்கள். இல்லையென்றால் சர்டிஃபிகேட் அவர் வீட்டுச் சுவரில் தொங்கும், ஆலைக்கு எதுவும் மிஞ்சாது.

படி 8: சம்பளம்

'சொல்லிக் கொடுத்தால் வேறு கம்பெனிக்குப் போய்விடுவார்கள்' என்ற பயத்தை எல்லா ஆலைகளிலும் கேட்கலாம். போகத்தான் செய்வார்கள், சம்பளம் அப்படியே இருந்தால். அசல் சான்றிதழை வாங்கிப் பெட்டியில் பூட்டுவது, பாண்டு எழுதி வாங்குவது போன்ற குறுக்கு வழிகளை நம்பாதீர்கள். ஓட நினைப்பவர் எப்படியும் ஓடுவார். நல்லவர்கள் உங்களிடம் சேரவே யோசிப்பார்கள்.

சார்ட்டில் ஒரு எண் ஏறினால் சம்பளத்தில் என்ன ஏறும் என்று முதலிலேயே எழுதி ஒட்டுங்கள். தொகை சிறியதாக இருக்கலாம், ஆனால் அடுத்த மாதச் சம்பளத்திலேயே வர வேண்டும். தீபாவளிக்குப் பார்க்கலாம் என்றால் யாரும் நம்ப மாட்டார்கள். 4 வாங்கியவருக்குச் சொல்லித்தரும் வேலைக்குத் தனிப்படி கொடுங்கள். காண்ட்ராக்ட் தொழிலாளிக்கும் இதே சார்ட், இதே ஏற்றம் என்று காண்ட்ராக்டரிடம் பேசி எழுதி வாங்குங்கள். பிரசவத்துக்குப் போய்த் திரும்பும் பெண்ணின் எண்ணைப் பூஜ்யமாக்காதீர்கள். மறு பரிசோதனை வைத்து, பழைய இடத்திலேயே தொடங்க விடுங்கள்.

படி 9: எதை அளப்பது, எப்போது தொடங்குவது

எத்தனை மணி நேரப் பயிற்சி நடந்தது என்ற கணக்கு ஆடிட்டருக்கு மட்டும் போதும். நீங்கள் பார்க்க வேண்டியது முதல் முறையிலேயே சரியாக வந்த பேட்சுகளின் விகிதம், சாஷே கசிவு, லைன் மாற்ற ஆகும் நேரம், சிவப்பு வட்டங்களின் எண்ணிக்கை. இன்னொன்றும் உண்டு. ஊழியர்கள் தாங்களாகவே லாக் புக்கில் எழுதும் கோளாறுகள். பயிற்சி தொடங்கிய முதல் இரண்டு மாதங்களில் அது கூடினால் நல்ல செய்தி. ஏதோ கெட்டுவிட்டது என்று மேனேஜர் பதறுவார், பதற விடாதீர்கள். முன்பு மறைத்தவை இப்போது வெளியே வருகின்றன.

தீபாவளி ஸ்டாக் ஓடும் மாதங்களில் தொடங்காதீர்கள். ஒரே லைனில் தொடங்குங்கள், அதிகம் திட்டு வாங்கும் லைனாகப் பாருங்கள். முதல் மாதம் கோளாறுக் கணக்கும் சார்ட்டும். இரண்டாம் மாதம் அதிலிருந்து எடுத்த மூன்றே மூன்று பாடங்கள், அதற்கு மேல் வேண்டாம். மூன்றாம் மாதம் பரிசோதனையும் முதல் சம்பள ஏற்றமும். அதன் பிறகு பக்கத்து லைன் ஆட்கள் 'எங்களுக்கு எப்ப சார்?' என்று கேட்கிறார்களா என்று பாருங்கள். கேட்டால் நான்காம் மாதம் அந்த லைனுக்குப் போங்கள். கேட்கவில்லையென்றால் முதல் லைனில் யாருக்கோ சம்பளம் ஏறவில்லை; அக்கவுண்ட்ஸில் போய் விசாரியுங்கள்.